மறு உத்தரவுக்கு ஒரு தேதி குறியுங்கள்

தமிழ்நாட்டில் முன்ஜாமீன் மனுக்களை விசாரிக்கும் மாண்பமை நீதிபதிகளுக்கு ஒரு திறந்த மடல்

மாண்பமை நீதிபதிகளுக்கு,

வணக்கம்.

“மனுதாரருக்கு நிபந்தனையுடன் முன்ஜாமீன் வழங்கிய நீதிபதி, மறு உத்தரவு வரும் வரை தினமும் காலை 10.30 மணிக்குக் காவல் நிலையத்தில் ஆஜராகிக் கையெழுத்திட வேண்டும் என்று உத்தரவிட்டார்.” நாளிதழ் படிக்கும் எவருக்கும் இந்த வாக்கியம் மனப்பாடமாகியிருக்கும். படித்துவிட்டு அடுத்த செய்திக்குப் போய்விடுவார்கள். உத்தரவு பெற்றவரால் அப்படிப் போக முடிவதில்லை. பல பேருக்கு வழக்கின் சுமையே இந்த ஒற்றை வாக்கியத்தில்தான் தொடங்குகிறது.

மாவட்ட நீதிமன்றம் ஒன்றில் குற்றவியல் வழக்குகள் நடத்திவருகிறேன். முன்ஜாமீன் யாருக்குக் கொடுக்கலாம், யாருக்கு மறுக்க வேண்டும் என்பது பெரிய விவாதம். அதற்குள் நான் போகவில்லை. கொடுக்கலாம் என்று தாங்கள் முடிவு செய்த பிறகு விதிக்கப்படும் அந்தத் தினசரிக் கையெழுத்தைப் பற்றி மட்டும்தான் இந்த மடல். அதை வழக்கமாக விதிப்பதை நிறுத்துங்கள், விதிக்க வேண்டிய இடத்தில் அது முடியும் தேதியையும் உத்தரவிலேயே எழுதுங்கள் என்று கேட்பதற்காக எழுதுகிறேன்.

என்னிடம் வந்த கட்சிக்காரர் ஒருவரின் கதையைச் சொல்கிறேன். ஊரும் பெயரும் வேண்டாம். அவர் கொத்தனார். பொதுப்பாதையில் மண் கொட்டியதில் பங்காளிகளுக்குள் வாய்த்தகராறு, அது முற்றிக் கைகலப்பு. இரு தரப்பிலும் சிறு காயம், இரு தரப்பிலும் புகார், வழக்கும் எதிர்வழக்கும் பதிவாயின. முதல் தகவல் அறிக்கையில் நான்காவது பெயர் இவருடையது. முன்ஜாமீன் கிடைத்தது. உத்தரவு நகல் வந்த 15 நாளுக்குள் நடுவர் நீதிமன்றத்தில் ஆஜராகி 10,000 ரூபாய்க்குப் பிணைப் பத்திரமும், அதே தொகைக்கு இரண்டு ஜாமீன்தாரர்களும் கொடுக்க வேண்டும். அலைந்து திரிந்து ஒரு மைத்துனரையும் ஒரு பெட்டிக்கடைக்காரரையும் பிடித்தார். அவர்களுடைய புகைப்படம், இடது பெருவிரல் ரேகை, ஆதார் நகல், வீட்டு வரி ரசீது எல்லாம் கொடுத்தாகிவிட்டது. பிறகுதான் 10.30 மணி வந்தது.

கட்டட வேலைக்கு ஆள் ஏற்றும் மேஸ்திரியின் வண்டி காலை 7 மணிக்கு முச்சந்தியில் நிற்கும். அதில் ஏறினால் பத்தரைக்கு நிலையத்தில் இருக்க முடியாது. ஏறாவிட்டால் அன்றைய கூலி இல்லை. கையெழுத்துப் போட்டுவிட்டு வேலைக்குப் போகலாமே என்று வெளியிலிருந்து பார்ப்பவருக்குத் தோன்றும். பத்தரைக்கு அவர் போய் நிற்கும்போது நிலைய எழுத்தர் நீதிமன்றப் பணிக்குப் போயிருப்பார். கையெழுத்து நோட்டு அவருடைய மேசை இழுப்பறையில் இருக்கும். சாவியும் அவரிடம்தான் இருக்கும். அமைச்சர் வருகை, கோயில் திருவிழா என்று நிலையமே பந்தோபஸ்துக்குக் கிளம்பியிருக்கும் நாட்களும் உண்டு. கையெழுத்து முடிய மதியம் ஆகிவிடும். கொத்தனார் வேலையில் அரை நாளைக்கு யாரும் ஆள் எடுப்பதில்லை. குழைத்த கலவையும் சித்தாள்களும் பன்னிரண்டு மணி வரை அவருக்காகக் காத்திருக்க மாட்டார்கள். மேஸ்திரி சில நாள் பொறுத்தார், பிறகு வேறு ஆளைச் சேர்த்துக்கொண்டார்.

நிலையத்தில் அவரை யாரும் அடிக்கவில்லை, திட்டவில்லை. அதையும் சொல்லிவிட வேண்டும். வாசலை ஒட்டிய மரபெஞ்சில் உட்காரச் சொன்னார்கள், அவ்வளவுதான். மனு கொடுக்க வந்தவர்கள், பாஸ்போர்ட் விசாரணைக்கு வந்தவர்கள், வண்டி திருடுபோனது என்று வந்தவர்கள் எல்லாம் அவரைப் பார்த்துவிட்டுப் போனார்கள். விசாரணை அதிகாரி அவரைக் கேள்வி கேட்டது முதல் வாரத்தில் ஒரே ஒரு முறை. அதன் பிறகு வெறும் கையெழுத்து மட்டும். ஒரு நாள் என் அலுவலகத்துக்கு வந்தவர், “ஜாமீன் கிடைத்துவிட்டது என்றீர்களே சார், பிறகு ஏன் என்னால் வேலைக்குப் போக முடியவில்லை?” என்று கேட்டார். சட்டப் புத்தகத்தில் அதற்குப் பதில் இருக்கிறது, அந்தப் பதில் அவருக்குச் சாதகமாகவும் இருக்கிறது. அதனால்தான் எனக்கு இத்தனை ஆதங்கம்.

1898-ஆம் ஆண்டின் பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் முன்ஜாமீன் கிடையாது. 1969-இல் சட்ட ஆணையம் தனது 41-ஆவது அறிக்கையில் அதைப் பரிந்துரைத்தது. செல்வாக்குள்ளவர்கள் எதிரிகளை அவமானப்படுத்துவதற்காகவும், சில நாளாவது சிறையில் தள்ளிவிடுவதற்காகவும் பொய் வழக்கில் சிக்கவைக்கிறார்கள் என்பதுதான் ஆணையம் முதலில் சொன்ன காரணம். 1973-ஆம் ஆண்டுச் சட்டத்தில் அது 438-ஆவது பிரிவாயிற்று. 2024 ஜூலை 1 முதல், அதற்குப் பதிலாக வந்த புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 482-ஆவது பிரிவாக இருக்கிறது. சிறையைப் போலவே அவமானத்தையும் ஒரு தீங்காகக் கண்டு, அதிலிருந்து காப்பதற்காக வந்த சட்டம் இது. அந்தச் சட்டத்தின் பெயரால் ஒரு மனிதரை மாதக்கணக்கில் காவல் நிலைய பெஞ்சில் ஊர் பார்க்க உட்கார வைப்பது எப்படிப் பொருந்தும்?

இப்போது நிபந்தனைகளுக்கு வருகிறேன். 482-ஆவது பிரிவின் இரண்டாவது உட்பிரிவு அவற்றைச் சொல்கிறது. காவல் அதிகாரி விசாரணைக்குத் தேவைப்படும்போது அழைத்தால் வர வேண்டும். சாட்சிகளை மிரட்டவோ ஆசை காட்டவோ கூடாது. நீதிமன்ற அனுமதியின்றி நாட்டை விட்டுப் போகக் கூடாது. வழக்கின் தன்மையைப் பார்த்து, நீதியின் நலனுக்காகத் தேவை என்று நீதிமன்றம் கருதும் வேறு நிபந்தனைகளையும் விதிக்கலாம். காவல்துறைக்குத் தேவைப்படும்போது வர வேண்டும் என்பதைச் சட்டமே நேரடியாகச் சொல்லியிருக்கிறது. தேவை இருந்தாலும் இல்லாவிட்டாலும் தினமும் வந்து நிற்க வேண்டும் என்று சட்டம் எங்கும் சொல்லவில்லை. கடைசியில் உள்ள பொது அதிகாரத்தின் கீழ் அதைக் கொண்டுவரலாம் என்றால், ஏன் தேவை என்று இரண்டு வரியாவது உத்தரவில் இருக்க வேண்டாமா? நான் பார்த்த பெரும்பாலான உத்தரவுகளில் குற்றப் பிரிவுகள் மாறுகின்றன, மனுதாரரின் பெயர் மாறுகிறது, கையெழுத்து நிபந்தனை மட்டும் சொல் பிசகாமல் அப்படியே வருகிறது.

உச்ச நீதிமன்றம் இதை இரண்டு அரசியல் சாசன அமர்வுகளில் பேசியிருக்கிறது. 1980-இல் குர்பக்ஷ் சிங் சிப்பியா வழக்கில் தலைமை நீதிபதி ஒய்.வி.சந்திரசூட் தலைமையிலான ஐந்து நீதிபதிகள், பிரிவில் இல்லாத கட்டுப்பாடுகளை நீதிமன்றங்கள் தாராளமாகப் புகுத்தினால் அந்தப் பிரிவே அரசியல் சாசனத்தின் முன் நிற்க முடியாமல் போகலாம் என்று எச்சரித்தார்கள். அடுத்தது 2020 ஜனவரி 29 அன்று சுசீலா அகர்வால் வழக்கில் வந்த தீர்ப்பு. முன்ஜாமீனுக்குப் பொதுவாகக் காலக்கெடு வைக்கக் கூடாது, வழக்கு முடியும் வரை அது நீடிக்கலாம் என்பதற்காகவே அந்தத் தீர்ப்பைப் பலரும் மேற்கோள் காட்டுகிறோம். ஆனால் அதே தீர்ப்பில், சட்டத்தில் சொல்லப்படாத கூடுதல் கட்டுப்பாடுகளை வழக்குக்கு வழக்கு, அரசுத் தரப்பு வைக்கும் ஆவணங்களைப் பார்த்தே விதிக்க வேண்டும், எல்லா வழக்கிலும் வழக்கம்போல விதிக்கக் கூடாது என்றும் ஐந்து நீதிபதிகள் சொல்லியிருக்கிறார்கள். முன்ஜாமீனின் ஆயுளை நீட்டித் தந்த தீர்ப்பு, நிபந்தனைகளின் பட்டியலைச் சுருக்கவும் சொன்னது. முதல் பாதியை நம் நீதிமன்றங்கள் ஏற்றுக்கொண்டுவிட்டன. இரண்டாவது பாதி இன்னும் உத்தரவுகளில் வந்து சேரவில்லை.

2024 ஜூலையில் ஃபிராங்க் வைடஸ் வழக்கில், ஜாமீன் பெற்றவர் தன் இருப்பிடத்தைக் கூகுள் மேப்பில் விசாரணை அதிகாரிக்குத் தெரியும்படி வைத்திருக்க வேண்டும் என்ற நிபந்தனையை உச்ச நீதிமன்றம் நீக்கியது. ஜாமீனில் இருப்பவரின் நடமாட்டத்தைக் காவல்துறை ஓயாமல் கண்காணிக்கும்படி நிபந்தனை விதிக்க முடியாது என்றது. கைப்பேசியில் ஒரு புள்ளியாகத் தெரிவதே தனி உரிமைக்கு எதிரானது என்றால், தினமும் உடலோடு போய் நிற்பதை என்னவென்று சொல்வது?

எதிர்த் தரப்பில் என்ன சொல்வார்கள் என்று எனக்குத் தெரியும். அரசு வழக்கறிஞர் எழுந்து, “தலைமறைவாகிவிடுவார், சாட்சிகளைக் கலைத்துவிடுவார்” என்பார். தலைமறைவாகக்கூடியவர் என்று காட்ட ஏதாவது ஆதாரம் இருந்தால் தாங்கள் முன்ஜாமீனே கொடுத்திருக்க மாட்டீர்கள். சாட்சிகளைக் கலைப்பது பற்றிய பயம் உண்மையானது. அதை நான் சிறுமைப்படுத்த மாட்டேன். தாக்கப்பட்டவர்களின் தரப்பில் இடையீட்டு மனு போட்டு, முன்ஜாமீன் கூடாது என்று வாதாடியும் இருக்கிறேன். பட்டியல் சாதியினர், பழங்குடியினர் வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தின் 18-ஆவது பிரிவு முன்ஜாமீனைத் தடுத்திருப்பதற்கு வலுவான காரணம் இருக்கிறது. வெளியில் நடமாடும் குற்றவாளியின் நிழலே சேரிக்குள் ஒரு மிரட்டல் என்பதைக் கிராமத்தில் வழக்கு நடத்தும் எவரும் அறிவார்கள்.

ஆனால் அந்தப் பயத்துக்குக் கையெழுத்து மருந்தாகாது. நான் பாதிக்கப்பட்டவர்களுக்காக நின்ற ஒரு வழக்கில் எதிரிக்கு முன்ஜாமீன் கிடைத்தது, உள்ளூர் நிலையத்திலேயே தினமும் கையெழுத்துப் போட வேண்டும் என்றும் உத்தரவானது. அவர் அதுவரை பக்கத்து நகரத்தில் உறவினர் வீட்டில் இருந்தார். உத்தரவு வந்த பிறகு தினமும் காலையில் ஊருக்கு வந்தார். நிலையத்துக்குப் போகும் தெரு என் கட்சிக்காரப் பெண்ணின் வீட்டு வாசலைத் தாண்டித்தான் போகிறது. நான்கைந்து பேரோடு, இரண்டு பைக்குகளில், நீதிமன்ற உத்தரவின்படியே அவர் அந்தத் தெருவில் வந்து போனார். புகார் கொடுத்த எங்களுக்கு வேண்டியிருந்தது, சில மாதங்களுக்கு அவர் அந்த ஊர்ப் பக்கமே வரக் கூடாது என்ற உத்தரவு. கிடைத்ததோ அவர் தினமும் வந்தே ஆக வேண்டும் என்ற உத்தரவு. வழக்கைப் பார்க்காமல் விதிக்கும் நிபந்தனை குற்றம் சாட்டப்பட்டவரையும் வதைக்கிறது, பாதிக்கப்பட்டவரையும் காப்பதில்லை.

கையெழுத்து ஏன் முடிவில்லாமல் நீள்கிறது என்பதற்கு ஒரு காரணம் இருக்கிறது. அது போதுமான அளவு பேசப்படுவதில்லை. ஒருவர் சிறைக் காவலில் இருந்தால், குற்றத்தைப் பொறுத்து 60 நாளிலோ 90 நாளிலோ காவல்துறை குற்றப்பத்திரிகை தாக்கல் செய்ய வேண்டும். தவறினால் அவருக்கு ஜாமீன் உரிமையாகிவிடும். அந்தக் கெடு விசாரணை அதிகாரியை ஓடவைக்கிறது. முன்ஜாமீனில் இருப்பவரின் வழக்கில் அப்படி எந்த நெருக்கடியும் இல்லை. கோப்பு அலமாரிக்குப் போய்விடும். காயச் சான்று வரவில்லை, அதிகாரி மாற்றலாகிவிட்டார், புதியவர் இன்னும் கோப்பைப் பார்க்கவில்லை என்று மாதங்கள் ஓடும். கையெழுத்தை நிறுத்தக் கேட்டு மனுப் போட்டால், “விசாரணை நிலுவையில் உள்ளது” என்ற ஒற்றை வரியில் ஆட்சேபம் வரும். விசாரணையைத் தாமதிப்பவர் ஒருவர், அதற்காகத் தினமும் கூலியை இழப்பவர் இன்னொருவர்.

தளர்வு மனு என்ற வழி இருக்கிறதே என்று தாங்கள் கேட்கலாம். இருக்கிறது. எந்த நீதிமன்றம் நிபந்தனை விதித்ததோ அங்கேயே போக வேண்டும். உயர் நீதிமன்றத்தில் முன்ஜாமீன் பெற்றவர் மறுபடியும் சென்னைக்கோ மதுரைக்கோ வழக்கறிஞர் வைக்க வேண்டும். கட்டணம், நகல் செலவு, பயணம். அரசுத் தரப்பு காவல்துறையிடம் விவரம் கேட்க அவகாசம் வாங்கும். கட்டணம் கட்ட முடிந்தவர் சில வாரத்தில் தளர்வு பெற்றுவிடுகிறார். கட்ட முடியாதவர் கையெழுத்துப் போட்டுக்கொண்டே இருக்கிறார், இல்லாவிட்டால் சலித்துப்போய் ஒரு வாரம் போகாமல் விட்டுவிடுகிறார். உடனே முன்ஜாமீனை ரத்து செய்யச் சொல்லி மனு வருகிறது. ஒரே குற்றப் பிரிவு, ஒரே உத்தரவு, பாரமோ பையில் இருக்கும் பணத்தைப் பொறுத்து மாறுகிறது.

1978-இல் மோதி ராம் வழக்கில் நீதிபதி வி.ஆர்.கிருஷ்ண ஐயர் பார்த்தது இதே ஏற்றத்தாழ்வைத்தான். மத்தியப் பிரதேசத்தைச் சேர்ந்த அந்த மனுதாரரும் ஒரு கொத்தனார்தான். உச்ச நீதிமன்றமே ஜாமீன் கொடுத்தும், நடுவர் 10,000 ரூபாய்க்கு ஜாமீன் கேட்டார். அண்ணன் தம்பி உறவில் ஒருவர் முன்வந்தபோது, அவர் வேறு மாவட்டத்துக்காரர், சொத்தும் வேறு மாவட்டத்தில் இருக்கிறது என்று ஏற்க மறுத்தார். உச்ச நீதிமன்றம் 1,000 ரூபாய்க்குச் சொந்தப் பிணையிலேயே அவரை விடச் சொன்னது. தொகையும் நிபந்தனையும் மனிதரின் வாழ்நிலையைப் பார்த்து அமைய வேண்டும் என்ற அந்தப் பார்வை, நேரத்தைக் கேட்கும் நிபந்தனைக்கும் பொருந்தும். தினக்கூலிக்காரருக்கு நேரம்தான் சொத்து.

ஏழு ஆண்டு வரை தண்டனை உள்ள குற்றங்களில் இன்னொரு கேள்வியும் எழுகிறது. 2014-இல் அர்னேஷ் குமார் தீர்ப்பு, அத்தகைய வழக்குகளில் கைது தேவை என்பதற்குக் காவல் அதிகாரி காரணம் எழுத வேண்டும், தேவையில்லாவிட்டால் ஆஜராகும்படி அறிவிப்பு கொடுத்தால் போதும் என்றது. இப்போது புதிய நடைமுறைச் சட்டத்தின் 35-ஆவது பிரிவு அதைச் சொல்கிறது. அறிவிப்புக்குக் கட்டுப்பட்டு நடப்பவரைக் காரணம் எழுதாமல் கைது செய்யக் கூடாது என்பதும் அதிலேயே இருக்கிறது. அப்படியானால் நீதிமன்றத்துக்கே வராமல் அறிவிப்பு பெற்றவர் அழைக்கும்போது மட்டும் போய் வருகிறார். பயந்து நீதிமன்றத்தின் பாதுகாப்பைத் தேடி வந்தவர் தினமும் போக வேண்டியிருக்கிறது. பாதுகாப்புக் கேட்டு வந்தவருக்குக் கூடுதல் சுமையா?

அர்னேஷ் குமார் வழக்கே வரதட்சணைக் கொடுமைப் புகாரிலிருந்து வந்ததுதான். அத்தகைய குடும்ப வழக்குகளில் 60 வயது கடந்த மாமியார்களும், திருமணமாகி வேறு ஊரில் வாழும் நாத்தனார்களும் நிலைய வாசலில் காத்திருப்பதைப் பார்த்திருக்கிறேன். புகார் உண்மையாகவும் இருக்கலாம், அது விசாரணையில் தெரியட்டும். ஆனால் ஒரு பெண்ணையோ 60 வயதைத் தாண்டியவரையோ சாட்சியாக விசாரிக்க வேண்டும் என்றால்கூட, அவர்கள் வசிக்கும் இடத்துக்குத்தான் காவல்துறை போக வேண்டும் என்கிறது அதே சட்டத்தின் 179-ஆவது பிரிவு. நிலையத்தின் சூழல் அவர்களுக்கு ஏற்றதல்ல என்று நாடாளுமன்றமே கருதியிருக்கிறது. குற்றம் சாட்டப்பட்டவர் என்பதால் அந்தக் கருத்து முழுவதும் மறைந்துபோக வேண்டுமா?

பணம் கட்டச் சொல்லும் நிபந்தனைகளைப் பற்றித் தனியாகவே எழுத வேண்டும். ஜாமீன் நீதிமன்றம் கடன் வசூலிக்கும் இடமாக முடியாது என்பதை ரமேஷ் குமார் வழக்கில் 2023-இல் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கிவிட்டது. இங்கே அதோடு விடுகிறேன்.

தங்களிடம் நான் கேட்பது சட்டத் திருத்தம் அல்ல, சுற்றறிக்கை கூட அல்ல. இன்று மாலை தட்டச்சு செய்யப்படும் உத்தரவிலேயே செய்யக்கூடியது. முதலில், கையெழுத்து எதற்கு என்று அரசு வழக்கறிஞரைக் கேளுங்கள். பொருள் மீட்க வேண்டுமா, அடையாளம் காண வேண்டுமா, எத்தனை நாள் விசாரிக்க வேண்டும்? பதில் இல்லாவிட்டால் “அழைக்கும்போது ஆஜராக வேண்டும்” என்பதோடு நிறுத்துங்கள். பதில் இருந்தால், அந்தத் தேவைக்கு எத்தனை நாள் போதுமோ அத்தனை நாளை எழுதுங்கள். இரண்டு வாரம் என்றால் இரண்டு வாரம். அதற்கு மேல் வேண்டுமானால் காவல்துறை காரணத்தோடு மனுப் போட்டு நீட்டிப்புக் கேட்கட்டும். இப்போது தளர்வு கேட்டு ஓடுபவர் குற்றம் சாட்டப்பட்டவர். நீட்டிப்புக் கேட்டு வர வேண்டியவர் அரசாங்கத்தின் வழக்கறிஞராக இருக்கட்டும். அவருக்குக் கட்டணம் அரசு கொடுக்கிறது, கூலியும் போகாது.

நேரத்தையும் மனுதாரரின் வேலையைக் கேட்டு எழுதுங்கள். கட்டடத் தொழிலாளிக்கு மாலை 6 மணி, ஜவுளிக் கடை ஊழியருக்குக் காலை 8 மணி, கல்லூரி மாணவருக்கு ஞாயிற்றுக்கிழமை. பாதிக்கப்பட்டவர் அதே ஊரில் இருந்தால் வேறு நிலையம். கையெழுத்துப் போட்டதற்கு ஒரு ரசீதோ, நோட்டுப் பக்கத்தின் நகலோ அவர் கையில் கொடுக்கச் சொல்லுங்கள். “வரவில்லை” என்று பிற்பாடு அறிக்கை வரும்போது அவரிடம் காட்ட எதுவும் இருப்பதில்லை.

இவை புதிய வழக்குகளுக்கு. ஏற்கெனவே மாதக்கணக்கில் கையெழுத்துப் போட்டுக்கொண்டிருப்பவர்களை என்ன செய்வது? 2023 ஜனவரி 31 அன்று, ஜாமீன் கிடைத்தும் பிணை கொடுக்க முடியாமல் சிறையிலேயே இருப்பவர்களுக்காக உச்ச நீதிமன்றம் ஒரு வழி சொன்னது. ஒரு மாதத்துக்குள் பிணை கொடுக்கப்படாவிட்டால், நீதிமன்றம் தானாகவே அந்த வழக்கை எடுத்து நிபந்தனையைத் தளர்த்தலாமா என்று பார்க்கலாம். கைதி மனுப் போடத் தேவையில்லை. அதே முறையை இங்கும் கொண்டுவரலாம். முன்ஜாமீன் உத்தரவாகி மூன்று மாதம் கடந்தும் குற்றப்பத்திரிகை வராத வழக்குகளின் பட்டியலைத் தங்கள் அலுவலகத்திலிருந்தே எடுக்க முடியும். வழக்கு எண்களெல்லாம் இப்போது கணினியில்தான் இருக்கின்றன. அவற்றை ஒரே நாளில் விசாரணைப் பட்டியலில் போட்டு, இன்னும் கையெழுத்து வேண்டும் என்பதற்குக் காரணம் இருந்தால் சொல்லுங்கள் என்று அரசுத் தரப்பைக் கேளுங்கள். காரணம் சொல்லப்படாத வழக்குகளில் அன்றே அந்த நிபந்தனையை நீக்கிவிடுங்கள். நான் சொன்ன கொத்தனாரின் வழக்கும் அந்தப் பட்டியலில் இருக்கும்.

பணிவுடன்,
மாவட்ட நீதிமன்றத்தில் வழக்கு நடத்தும் ஒரு வழக்கறிஞர்